டேப் ஆடிப் பிழைக்க: மேடையும் வகுப்பும்

தகடு பதித்த ஷூவால் தரையைத் தட்டித் தாளம் எழுப்பும் டேப் நடனத்துக்கு யாராவது அழைத்தால் நான் முதலில் கேட்பது சம்பளத்தை அல்ல, "தரை என்ன தரை?" என்றுதான். ஷூவுக்கு அடியில் இருக்கும் உலோகத் தகடு நம் வாத்தியத்தில் பாதி, மீதிப் பாதி தரை. அடியில் இடைவெளி விட்டுப் போட்ட மரத்தளமாக இருந்தால் ஒலியும் நன்றாக வரும், முழங்காலும் தப்பிக்கும். கான்கிரீட் மேல் நேராகப் பலகை ஒட்டியிருந்தால் பார்க்கத்தான் மரம், காலுக்கு அது கல். தொடர்ந்து அதில் ஆடினால் கணுக்காலுக்கு மேலே முன்னெலும்பு ஓரமாக வலி பிடித்துக்கொள்ளும். ஒப்பந்தத்தில் தரையைப் பற்றி ஒரு வரி எழுதி வாங்குங்கள். பிளைவுட் பலகை ஒன்றைச் சொந்தமாக வைத்துக்கொள்வது இன்னும் நல்லது.

அப்புறம் மைக். டேப் என்றதும் ஒலிக்காரர் சட்டையில் குத்தும் மைக்கை நீட்டுவார். தரையை ஒட்டி வைக்கும் மைக்தான் வேண்டும் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். ஒத்திகையில் உங்கள் கால் சத்தம் உங்களுக்கே கேட்கிறதா என்று பாருங்கள். கேட்காவிட்டால் நம்மை அறியாமல் ஓங்கி மிதிப்போம், வேகமும் எகிறும். பையில் ஸ்க்ரூடிரைவர் இருக்கட்டும். தகட்டின் திருகு தளர்ந்தால் ஒவ்வொரு அடியோடும் ஒரு சலசலப்பு கூடவே வரும். சிலருக்கு அது பிடிக்கும், எனக்குப் பிடிக்காது.

பதிவுசெய்த இசைக்கு மட்டும் ஆடிப் பழகியவருக்கு வாய்ப்புகள் குறைவு. ஜாஸ் குழுவோடு 'டிரேடிங் ஃபோர்ஸ்' பழகுங்கள்: டிரம்மர் நான்கு பார் (தாளச் சுற்று) வாசிப்பார், அடுத்த நான்கு பாரில் நீங்கள் பதில் சொல்ல வேண்டும். கற்றதையெல்லாம் அதில் கொட்டாதீர்கள். அவர் வாசித்ததில் ஒரு துண்டை எடுத்துத் திருப்பிப் போட்டாலே போதும்.

நிலையான வருமானம் வகுப்பிலிருந்துதான் வரும். பழைய ஹாலிவுட் படங்களில் டேப் ஆடிய நிக்கலஸ் சகோதரர்கள் படிக்கட்டில் கால் விரித்துக் குதிக்கும் காட்சியைப் பார்த்துவிட்டு வருபவரிடம், முதல் நாள் நாற்காலியில் உட்காரச் சொன்னால் முகம் வாடும். பரவாயில்லை. இசை போடாதீர்கள். கணுக்காலைத் தளர்த்தி ஷஃபிள் மட்டும்: முன்னே ஒரு தடவல், பின்னே ஒரு தடவல், இரண்டும் ஒரே அளவு சத்தத்தில். அதையே வாயால் சொல்லச் சொல்லுங்கள். வாயில் வராத தாளம் காலில் வராது. அடி காட்டும்போது மாணவர்களுக்கு முதுகைக் காட்டி நில்லுங்கள், இடது வலது குழப்பம் இருக்காது. திருத்தும்போது கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள். யார் அவசரப்படுகிறார் என்பதைக் கண்ணைவிடக் காது சீக்கிரம் பிடிக்கும்.

இரண்டு பாணியையும் சொல்லிக்கொடுங்கள். டேப் முன்னோடிகள் இருவரைப் பாருங்கள்: பில் ராபின்சன் முன்பாதத்தில் நின்று லேசாக ஆடினார். ஜான் பபிள்ஸ் குதிகாலையும் இறக்கித் தாளத்தைக் கனமாக்கினார். ஒருவருக்கு எது வரும் என்று ஆட விட்டுப் பார்த்தால்தான் தெரியும்.

கொஞ்சம் தேறியதும் ஷிம் ஷாம். லெனார்ட் ரீடும் வில்லி பிரையன்டும் 1920-களின் கடைசியில் அமைத்த 32 பார் ஆட்டம் இது. டேப் கற்ற யாரும் நிகழ்ச்சி முடிவில் மேடையேறிச் சேர்ந்து ஆடுவது வழக்கம். உங்கள் நிகழ்ச்சியையும் அதோடு முடித்து மாணவர்களை மேலே கூப்பிடுங்கள். கூட்டம் ஏறும் முன் தரை மைக்கின் ஒலியைக் குறைக்கும்படி ஒலிக்காரரிடம் சொல்லி வையுங்கள்.