மாய மை வைத்துக் கதை எழுதுவோர் கவனத்துக்கு

தருமபுரியில் நாங்கள் சிலர் கூடி, புதிதாக எழுத வருகிறவர்களின் மாயக் கதைகளைப் படித்துப் பேசுவது வழக்கம். வருஷா வருஷம் யாராவது ஒருவர் மாய மையோடு வந்துவிடுகிறார். எழுதினால் நடக்கும் மை, பொய் எழுதினால் கருகும் மை, உரியவர் கண்ணுக்கு மட்டும் தெரியும் மை. மையில் குறையில்லை, அதைச் சுற்றி இருக்கும் ஊரில்தான் குறை. ஒரு காலத்தில் நான் சறுக்கிய இடங்களிலேயே இவர்களும் சறுக்குகிறார்கள். எழுத்துப்பிழை, காலக்குழப்பம் எல்லாம் மறுபடி படித்தால் தானே தெரியும், அவற்றை விட்டுவிடுகிறேன்.

ரத்தம் கலப்பது

வேண்டாம். எல்லோரும் கலந்தாயிற்று.

ஓலையில் இறகுப் பேனா

அதியமான் காலத்துத் தகடூரில் கதை. ஒரு கிழவி மயிலிறகை மையில் தொட்டு ஓலையில் எழுதுகிறாள். நம் பக்கம் ஓலையில் எழுத்தாணியால் கீறுவார்கள். பிறகு விளக்குக்கரியைத் தடவித் துடைத்தால் கீறலில் மட்டும் கறுப்பு தங்கி, எழுத்து கண்ணுக்குத் தெரியும். கதைக்கு இதில் எவ்வளவு இடம் இருக்கிறது பாருங்கள். எழுத்து முன்பே அங்கே இருக்கிறது. எவனோ கீறிவிட்டுப் போனதை எவளோ கரி தடவி வாசிக்கிறாள். மாயத்தை அந்தத் தடவலில் வையுங்கள்.

வெளியூர் மாயம்

டிராகன் எச்சிலுக்கு அலைகிறார்கள். களவு போன நகைக்கு வெற்றிலையில் மை போட்டுப் பார்ப்பதைக் கேள்விப்படாத வீடு இங்கே உண்டா? கடுக்காயும் அன்னபேதி என்கிற இரும்பு உப்பும் சேர்த்துச் செய்த மை, எழுதும்போது வெளிறி இருக்கும். காற்றுப் பட்டபின் கறுக்கும். அன்னபேதி கூடிப்போனால் நாளடைவில் காகிதத்தையே அரித்துவிடும். மைசூரில் தயாராகி 1962 பொதுத்தேர்தலிலிருந்து நம் விரலுக்கு வருகிற மையில் இருப்பது சில்வர் நைட்ரேட். தோலின் உப்போடு சேர்ந்து வெளிச்சத்தில் கறுத்து, பழைய தோல் உதிர்ந்தால்தான் போகும். 'இவன் தன் பங்கைச் செலவழித்துவிட்டான்' என்று ஆள் உடம்பிலேயே எழுதிவைக்கும் மை! இதற்கு மேல் டிராகன் எதற்கு?

மை வந்தும் ஊர் மாறாதது

இதுதான் எனக்கு இன்னும் எரிச்சல் தருவது. இதைக் கடைசியில் கண்டுபிடித்தால் நாவலை முதல் பக்கத்திலிருந்து திரும்ப எழுத வேண்டியதுதான்.

பாலக்கோட்டுத் தம்பி ஒருவர், நன்றாக எழுதுகிறவர். அவர் கதையில் பொய்யை எழுதினால் காகிதம் கருகும். கடைசி அத்தியாயத்தில் அரசனின் தூதன் அந்த மையால் ஒரு சதியை அம்பலப்படுத்துகிறான். ஆனால் மூன்றாம் அத்தியாயத்திலேயே நாயகனின் அப்பா கடன் வாங்கி, கைநாட்டு வைத்து, பொய்ச்சாட்சியால் நிலத்தை இழக்கிறார். அந்த மை ஊர்ச் சந்தையில் விற்கிறது என்று முதல் அத்தியாயத்தில் எழுதியவரும் இவரே!

"ஏம்ப்பா, புரோநோட்டை அந்த மையிலயே எழுதியிருந்தா நிலம் போயிருக்காதே?"

"அது ராஜாங்கக் காரியத்துக்கு மட்டும்தாண்ணா."

யார் சொன்னது? சந்தைக்கு வந்த சரக்கைக் கந்துவட்டிக்காரன் விட்டுவைப்பானா? நூறு ரூபாயைக் கையில் கொடுத்து, 'நூறு பெற்றுக்கொண்டேன்' என்று எழுத வைப்பான். உண்மைதானே, காகிதம் கருகாது. மை காய்ந்ததும் முன்வட்டி என்று பத்தைத் திரும்ப வாங்கிக்கொள்வான். கருகாத காகிதத்தை எந்தப் பஞ்சாயத்து சந்தேகப்படும்? பொய்யைப் பிடிக்க வந்த மை அவனுக்கே சாட்சி சொல்லும்.

மைக்கூடு யார் வீட்டில் இருக்கிறது என்பதையும் கேளுங்கள். கிராமக் கணக்கு பரம்பரையாகக் கர்ணம் வீட்டில் இருந்தது. 1980இல்தான் அந்தப் பதவி ஒழிந்தது. அப்படி ஒரு கர்ணத்திடம் இந்த மையைக் கொடுத்தால் அவர் பொய் எழுத மாட்டார், எழுதாமல் விட்டுவிடுவார். விடுபட்ட சர்வே எண்ணுக்கு எந்தக் காகிதமும் கருகாது. இன்னொன்று: பத்திரம் எழுதுகிறவர் தெரியாமல் எல்லையை மாற்றி எழுதினால் அது பொய்யா, பிழையா? உங்கள் மை என்ன சொல்லும்? முதல் வரிக்கு முன்பே முடிவு செய்துவிடுங்கள்.

தம்பி தூதனைத் தூக்கிவிட்டு முன்வட்டியை வைத்து மறுபடி எழுதிக்கொண்டிருக்கிறார். அதற்குள் ஓசூரிலிருந்து ஒரு பெண் வந்தார். அவர் கதையில் எழுதினால் நடக்கும் மை வீட்டிலேயே இருக்கிறது. அம்மா ரேஷன் கடை வரிசையில் நிற்கிறாள். ஏன் என்று கேட்டால், "அம்மாவுக்கு எழுதத் தெரியாது சார்" என்றார். அட, அதுதானே கதை! அதை அவர் கதைக்குள் எங்கேயும் எழுதவில்லை.

கிளைமாக்ஸில் மை தீர்வது

கடைசிச் சொட்டு, கடைசிச் சொல். கூடாது.

ஆயுளை விலையாக வைப்பது

எழுதினால் ஆயுள் குறையும் என்று ஒரு விதியைப் போட்டுவிட்டு நிம்மதியாகிவிடுகிறார்கள். அது வாசகருக்கு உறைப்பதில்லை. மை காய்ச்ச விறகு சுமப்பது யார், கடுக்காய் இடித்து இடித்து விரலிடுக்கு கறுத்துப்போனது யாருக்கு, ஒரு குடம் மைக்கு என்ன கூலி, அதை யார் பாக்கி வைத்திருக்கிறார்கள் என்று எழுதுங்கள்.