சாவி எங்கே இருந்தது? சாட்டிலைட் டிவி குறியாக்கத்தைப் பற்றி எழுதுகையில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சாட்டிலைட் டிவியின் குறியாக்க (சாவி இல்லாதவர் பார்க்க முடியாதபடி சிக்னலை மாற்றி அனுப்பும்) வரலாற்றை எழுதுபவர்கள், "ஹேக்கர்கள் குறியாக்கத்தை உடைத்தார்கள்" என்று ஒரே வரியில் முடித்துவிடுவது வழக்கம். பெரும்பாலான சம்பவங்களில் பூட்டு உடையவே இல்லை. சாவியை எங்கே ஒளித்து வைத்திருந்தார்கள், அது எந்த வழியாகப் போய்வந்தது என்பதைத்தான் கண்டுபிடித்தார்கள். மற்ற தவறுகள் பலவும் இந்தக் குழப்பத்திலிருந்தே பிறக்கின்றன.

இதில் அடிக்கடி மாட்டிக்கொள்வது 'கேப்டன் மிட்நைட்' கதை. அமெரிக்காவின் எச்பிஓ சேனல் 1986 ஜனவரியில் தன் ஒளிபரப்பை முழுநேரமும் குறியாக்கத் தொடங்கியது. அதே ஆண்டு ஏப்ரல் 27 அன்று, நள்ளிரவு தாண்டிய நேரத்தில், மாதம் 12.95 டாலர் கட்டணத்தைக் கண்டிக்கும் வாசகம் ஒன்று சுமார் நாலரை நிமிடம் எச்பிஓ திரையில் நின்றது. இதைக் குறியாக்கத்தை முறியடித்த சாதனையாக எழுதுவது பிழை. 'கேப்டன் மிட்நைட்' என்ற பெயரில் ஒளிந்திருந்தவர், புளோரிடாவில் ஓர் அப்லிங்க் (செயற்கைக்கோளுக்குச் சிக்னல் அனுப்பும்) நிலையத்தில் பணியாற்றிய ஜான் மெக்டூகல்; அவர் எச்பிஓ அனுப்பியதைவிட வலுவான சிக்னலைச் செயற்கைக்கோளுக்கு அனுப்பி அதை அமுக்கினார்; அவ்வளவுதான். டிஷ் ஆன்டெனா விற்றுவந்த அவருடைய வியாபாரம் குறியாக்கம் வந்த பிறகு படுத்துவிட்டது என்பதே கோபத்துக்குக் காரணம்.

படத்தைக் கலைத்து அனுப்புவதையும் குறியாக்கத்தையும் ஒன்றென்று கொள்வது அடுத்த தவறு. எச்பிஓ பயன்படுத்திய வீடியோசைஃபர் 2 முறையில் ஒலி மட்டுமே டிஇஎஸ் என்ற அக்காலத்துத் தரக் குறியாக்க முறைப்படி உண்மையாகக் குறியாக்கப்பட்டது. படத்தை வெறுமனே உருக்குலைத்திருந்தார்கள். கள்ளத்தனமாகப் பார்த்தவர்கள் டிஇஎஸ்ஸைத் தொடவே இல்லை. சந்தா கட்டிய ஒரு டிகோடர் பெட்டியின் (சிக்னலைத் திறந்து படமாக்கும் கருவி) அடையாளத்தையும் சாவியையும் எடுத்து மற்றப் பெட்டிகளில் நகலாக வைத்தார்கள்.

பிரிட்டனில் ஸ்கை நிறுவனம் பயன்படுத்திய வீடியோகிரிப்ட் முறையைச் சற்று நெருங்கிப் பார்ப்பது நல்லது, ஏனெனில் பின்னால் வந்த சிக்கல்களில் பலவும் அதிலேயே இருந்தன. படத்தின் ஒவ்வொரு கிடைக்கோட்டையும் 256 இடங்களில் ஏதோ ஒன்றில் வெட்டி, இரண்டு துண்டுகளையும் இடம் மாற்றி ஒளிபரப்புவார்கள். வெட்டிய இடங்களை அறிய, ஏறக்குறைய இரண்டரை வினாடிக்கு ஒருமுறை, சிக்னலோடு வரும் 32 பைட் செய்தியை டிகோடர், சந்தாதாரருக்குத் தரப்பட்ட சிப் பதித்த ஸ்மார்ட் கார்டிடம் கொடுக்கும். கார்டு திருப்பித் தரும் எண்ணை விதையாக, அதாவது கணக்கின் தொடக்க எண்ணாகக் கொண்டு டிகோடர் படத்தை ஒட்டவைக்கும். எல்லார் வீட்டுக்கும் ஒரே சிக்னல் போவதால், எல்லாக் கார்டுகளும் ஒரே பதிலைத்தான் தந்தாக வேண்டும். ஆகவே ஒரு கார்டின் ரகசியம் வெளிவந்தால் அந்தத் தலைமுறைக் கார்டுகள் அத்தனையும் பயனற்றுப்போகும் என்பது வடிவமைப்பிலேயே எழுதப்பட்ட விதி.

கார்டு வைத்திருப்பவர் நம் கட்டளைக்குக் கட்டுப்படுவார் என்று வடிவமைப்பாளர்கள் நம்பியதும் தவறே. அக்காலக் கட்டண டிவி கார்டுகள் சிலவற்றில், நினைவகத்தில் எழுதுவதற்கான மின்னழுத்தம் தனியான ஒரு தொடுமுனை வழியாக வந்தது. எல்லாச் சேனல்களும் திறந்த நிலையில் கார்டு வரும். கட்டணம் கட்டாத சேனல்களை மூடும் ஆணை பிறகு வான்வழியே வரும். அந்த ஒரு முனையின் மேல் சிறு துண்டு டேப்பை ஒட்டிவிட்டால் கார்டில் எதையும் எழுத முடியாது. சந்தாவை ரத்து செய்த பிறகும் படம் ஓடிக்கொண்டே இருக்கும். கணிதம் தெரியாத ஒருவர் கத்தரிக்கோலுடன் செய்து முடிக்கக்கூடிய வேலை இது.

யார் எதிரி என்று கணிப்பதிலும் சறுக்கினார்கள். ஒளிபரப்பு உரிமைச் சிக்கலால் ஸ்கை தன் சந்தாவை ஜெர்மனியில் விற்கவில்லை. அங்கிருந்த ஸ்டார் ட்ரெக் ரசிகர்களோ புதிய பாகங்களுக்காகத் தவித்தார்கள். பணம் கொடுக்கத் தயாராக இருந்தும் வாங்க வழியில்லாதவர்கள்தான் ஸ்கையின் குறியாக்கத்தைப் பற்றிய ஆராய்ச்சியில் இறங்கினார்கள் என்பது இந்த வரலாற்றில் எனக்கு மிகவும் பிடித்த இடம்.

முறையை மறைத்து வைத்தால் பாதுகாப்பு கூடும் என்ற எண்ணம் தவறு என்பதற்கு ஐரோப்பிய டிஜிட்டல் ஒளிபரப்பின் டிவிபி-சிஎஸ்ஏ என்ற குறியாக்க முறை சான்று. 1994-இல் உருவான அதன் முழு விவரம் வெளியிடப்படவில்லை. 2002-இல் அம்முறையைக் கணினியில் இயக்கிய ஃப்ரீடெக் என்ற மென்பொருள் வெளிவந்ததும், அதைப் பிரித்துப் பார்த்தவர்கள் முறையை எழுதிவிட்டார்கள். சாவியை 64 பிட் என்று எழுதுவதிலும் எச்சரிக்கை வேண்டும், ஏனெனில் அதில் இரண்டு பைட்டுகள் (16 பிட்) சரிபார்ப்புக் கூட்டலுக்கே போக, மிஞ்சுவது 48 பிட் மட்டுமே. ஆனாலும் சாவி சில வினாடிகளுக்கொருமுறை மாறுவதால், அதைத் தேடி அலைவதைவிட, சந்தா கட்டிய ஒரு கார்டு தரும் சாவியை இணையம் வழியே பலருக்கு அனுப்புவதே எளிதாயிற்று. இதுதான் கார்டு ஷேரிங்.

பதிலடி கொடுத்ததும் கதை முடிந்தது என்று எழுதுவதையும் தவிர்க்கலாம். அமெரிக்காவின் டைரக்டிவி, மாதக்கணக்கில் துண்டுதுண்டாக அனுப்பிவந்த கட்டளைகளை 2001 ஜனவரி 21 அன்று ஒன்றுசேர்த்து இயக்கி, திருட்டுக் கார்டுகளை ஒரே இரவில் செயலிழக்க வைத்தது. நாடே பார்க்கும் சூப்பர் பவுல் (அமெரிக்கக் கால்பந்தின் இறுதிப்) போட்டிக்குச் சரியாக ஒரு வாரம் முன்பு. செத்த கார்டுகளின் நினைவகத்தில் 'கேம் ஓவர்' என்ற எழுத்துகள் இருந்ததாகச் சொல்வார்கள். ஆனால் அன்று அடிவாங்கியவை எச் கார்டு என்ற பழைய தலைமுறையே. அடுத்து வந்த எச்யு கார்டும் ஹேக்கர்களிடம் தப்பவில்லை.