மைனர் பங்கை விற்க அனுமதி: மனு எந்த ஊரில் போடுவது?

கணவர் பெயரில் திருநெல்வேலியில் இருந்த மனையை விற்கப் போனபோது, சார்பதிவாளர் பத்திரத்தைத் திருப்பிவிட்டார். வாரிசுச் சான்றிதழில் என்னுடன் இருக்கும் இருவரும் மைனர் பிள்ளைகள். 1956-ஆம் ஆண்டு இந்து இளவர், காப்பாளர் சட்டத்தின் 8-ஆவது பிரிவுப்படி, பெற்ற தாயானாலும் நீதிமன்றத்தின் முன்அனுமதி வேண்டும். "பத்திரம் முடியட்டும், பிறகு பார்க்கலாம்" என்றார் தரகர். வாங்குபவர் மசியவில்லை. பிள்ளைகள் பின்னாளில் விற்பனையை ரத்து செய்யக் கோரலாமே!

குடியிருக்கும் கோவையிலேயே வழக்கறிஞர் மனு போட்டார், திரும்பி வந்தது. பலர் கவனிக்காத இடம் இது. காப்பாளரை நியமிக்கக் கோரும் மனுவுக்குத்தான் பிள்ளை வசிக்கும் ஊர் கணக்கு. விற்பனை அனுமதிக்கு, சொத்து இருக்கும் எல்லையின் மாவட்ட நீதிமன்றம். சென்னைச் சொத்தானால் நகர உரிமையியல் நீதிமன்றம்.

திருநெல்வேலியில் மனுவை ஏற்று வழக்கு எண் கொடுத்துவிட்டார்கள். குடும்பத்துக்குப் பணத்தேவை என்று எழுதினால் நிற்காது. பிள்ளைகளுக்கு அவசியம் அல்லது தெளிவான நன்மை என்று காட்ட வேண்டும். கல்விக் கட்டண ரசீதுகள், வழிகாட்டி மதிப்பு, விற்பனை ஒப்பந்தம் எல்லாவற்றையும் இணைத்தோம்.

மைனர் பங்கை 18 வயதுவரை தேசிய வங்கியில் வைப்பாக வைக்கும்படி உத்தரவு வந்தது. அப்பங்குக்கு மட்டும் தனி வரைவோலைகள் வாங்கி, உத்தரவு எண்ணையும் தேதியையும் பத்திரத்திலேயே எழுதினோம். அதே சார்பதிவாளர் மறுபேச்சின்றிப் பதிந்து கொடுத்தார். அப்பாடா!