பாத்திமா: பெயருக்குப் பொருள் தேடும்போது நேரும் தவறுகள்

பெண் குழந்தைகளுக்கான பெயர்ப் பட்டியல்கள் பலவற்றில் பாத்திமாவுக்கு நேரே 'ஒளி மிகுந்தவள், தூய்மையானவள்' என்று போட்டிருக்கும். இரண்டுமே அந்தச் சொல்லின் பொருள் அல்ல. நபிகள் நாயகத்தின் மகளார் பாத்திமாவுக்கு வழங்கிய பட்டப்பெயர்களின் பொருள் இங்கே வந்து ஒட்டிக்கொண்டது. ஒளிர்பவள் என்பது 'ஸஹ்ரா', உலக ஆசை துறந்த தூயவள் 'பதூல்'. 'பாத்திமா ஸஹ்ரா' என்று சேர்த்தே சொல்லிப் பழகியதில், பின்னால் வரும் பெயரின் பொருளை முன்பெயர் மேல் ஏற்றிவிட்டார்கள்.

அரபியில் 'ஃபதம' என்றால் பால் மறக்கடித்தல். நம் ஊர்த் தாய்மார் வேப்பங்கொழுந்தை அரைத்து மார்பில் தடவிச் செய்கிற அதே காரியம்தான். எழுதுகிற ஆண் 'காதிப்', பெண் 'காதிபா' என்றாவது போல, பால் மறக்கடிக்கிறவள் 'ஃபாத்திமா'. குட்டியைப் பால் மறக்கவைத்த ஒட்டகத்தையும் அரபிகள் 'ஃபாத்திம்' என்றே சொன்னார்கள். 'பால்குடி மறந்தவள்' என்று எழுதுவது அடுத்த தவறு. இது செயலைச் செய்பவளைக் குறிக்கும் வடிவம், செயலுக்கு உள்ளானவளை அல்ல.

பிறந்த குழந்தைக்கு இப்படியொரு பெயரா என்று சிலர் முகம் சுளிப்பார்கள். மருத்துவம் வளராத காலத்தில் ஒரு பிள்ளை பால்குடி மறக்கும் வயதை எட்டுவதே பெரும்பாடு. குர்ஆன் (2:233) தாய்ப்பாலுக்கு முழுதாக 2 ஆண்டு சொல்கிறது. இவள் வளர்ந்து, தாயாகி, தன் பிள்ளையையும் அந்த வயதுவரை கொண்டுவந்து சேர்க்கட்டும் என்ற வாழ்த்தாகவே இந்தப் பெயரை நான் எடுத்துக்கொள்கிறேன். 'நரக நெருப்பிலிருந்து விலக்கப்பட்டவள்' என்ற விளக்கமும் உண்டு. அது பக்தி மரபில் வந்தது, அழகானதும்கூட. ஆனால் அதை அகராதிப் பொருளாகப் போடக்கூடாது.

நபியின் மகளுக்குத்தான் முதன்முதலில் இந்தப் பெயர் வைக்கப்பட்டது என்பதும் சரியல்ல. நபியின் தந்தையைப் பெற்ற பாட்டி ஃபாத்திமா பின்த் அம்ர். நபியின் மருமகன் அலீயின் தாயார் ஃபாத்திமா பின்த் அஸத். இஸ்லாத்துக்கு முன்பே மக்காவில் புழங்கிய பெயர் இது. அதற்குப் பெருமை சேர்த்தவர்தான் மகளார். 909 முதல் 1171 வரை வட ஆப்பிரிக்காவிலும் எகிப்திலும் ஆண்ட ஃபாத்திமிய கலீஃபாக்கள் அவர் வழிவந்தவர்களாகச் சொல்லித்தான் அந்தப் பெயரைச் சூடிக்கொண்டார்கள்.

பெயரைக் கேட்டதும் மதத்தை முடிவு செய்துவிடாதீர்கள். போர்த்துகலில் அரபு ஆட்சிக் காலத்தின் தடமாக ஃபாத்திமா என்றொரு ஊர்ப்பெயர் எஞ்சியது. அங்கே 1917இல் மூன்று சிறார்களுக்கு மரியாள் காட்சி தந்ததாகக் கத்தோலிக்கர் நம்புகிறார்கள். பாத்திமா மாதா கோயில்களும், மதுரைப் பாத்திமா கல்லூரியின் பெயரும், 'பாத்திமா மேரி' என்ற பெயரும் அந்த வழியில் வந்தவை.

இலங்கையில் வேறொரு குழப்பம். அங்கே முஸ்லிம் பெண்களுக்கு 'பாத்திமா' என்பது பெரும்பாலும் முன்னொட்டுப் போலவே வரும், ஆண்களுக்கு 'மொஹமட்' வருவது போல. பாத்திமா ரிஸ்னாவை வீட்டிலும் வகுப்பிலும் ரிஸ்னா என்றுதான் கூப்பிடுவார்கள். பதிவேட்டைப் பார்த்து 'பாத்திமா' என்று அழைத்தால் பாதி வகுப்பு எழுந்து நிற்கும்.

எழுத்தில் ஒன்றே ஒன்று கவனம்: 'பாதிமா' என்று 'த்' என்ற ஒற்றெழுத்தை விட்டால் தமிழ் வாசிப்பில் த மெலிந்து, அரபியின் அழுத்தமான தகரம் காணாமல் போகும். முதலில் ஃ வேண்டுமா என்பது அவரவர் விருப்பம், பிறப்புச் சான்றிதழிலும் பாஸ்போர்ட்டிலும் ஒரே மாதிரி இருந்தால் போதும். 'பாத்துமா', 'பாத்துமுத்து' என்பவற்றைப் பிழையென்று திருத்தக் கிளம்ப வேண்டாம். துருக்கியர் ஃபத்மா என்கிறார்கள், செனகல்காரர்கள் ஃபாத்து என்கிறார்கள், அவர்களை யாரும் திருத்துவதில்லை.