மரத்தக்காளி அஹீ: கடுகு டப்பாவ எடுத்து ஒளிச்சு வச்சுட்டு ஆரம்பிங்க

மேட்டுப்பாளையத்துலிருந்து கோத்தகிரி ரோட்டுல ஏறுனா, மலைக்காய் விக்கற கடைகள்ல பீன்ஸு, கேரட்டு, முள்ளங்கிக்கு நடுவுல கோழிமுட்டை சைஸுக்கு, செவசெவன்னு, மழமழன்னு ஒரு பழத்தக் குவிச்சு வச்சிருப்பாங்க. மரத்தக்காளி. ஏதோ புதுசா இருக்குதேன்னு வாங்கி, ஒரு கடி கடிச்சு, தோலோட கசப்புல மூஞ்சியச் சுளிச்சுட்டு, மிச்சத்த ஆட்டுக்குப் போட்டவங்க நெறையப் பேரு. நானும் அந்தக் கூட்டந்தான், 2006 வரைக்கும்.

அந்த வருஷம் நான் ஒரு சரக்குக் கப்பல்ல சமையல்காரன். எக்குவடார் நாட்டுல குவாயாகில் துறைமுகத்துல வாழைக்காய் ஏத்தப் போயிருந்தோம். கோபிப் பக்கம் வாழைத்தோட்டத்துக்குள்ளயே பொறந்து வளந்தவன், பதிமூணு டிகிரிக் குளிர்ல பச்சைக்காய் பொட்டி பொட்டியா உள்ள போறத வாயத் தொறந்து பாத்துட்டு நின்னேன். அது தனிக் கதை. சித்த நேரம் கரைக்குப் போய்ட்டு வாங்கன்னு விட்டாங்க. வெளிய ஒரு சின்னக் கடையில காலைப் பலகாரமே மீன் சாறு. சூரை மீனு, அதுக்குள்ள வெந்த குச்சிக்கிழங்கு, மேல எலுமிச்சம்பழச் சாத்துல ஊறுன வெங்காயம். என்செபோயாதோன்னு பேரு. குச்சிக்கிழங்கக் கண்டதும் எனக்கு ஊட்டுக்கு வந்த மாதிரி ஆயிருச்சு. மேசை மேல ஒரு கிண்ணத்துல ஆரஞ்சு நெறத்துல தண்ணியா ஒரு சட்னி. ஒரு கரண்டி ஊத்திக் குடிச்சேன் பாருங்க. புளிப்பு முன்னாடி வருது, ஒரு பழ வாசனை பின்னாடி வருது, அது ரெண்டும் போனதுக்கப்பறம் மெதுவாக் காரம் எந்திரிக்குது.

இது என்னன்னு சைகையில கேட்டேன். கடைக்கார அம்மா "அஹீ, மிஹோ" அப்படின்னாங்க. மிஹோன்னா "மகனே"ன்னு அர்த்தமாம். நம்மூர்ல "கண்ணு"ங்கற மாதிரி. அஹீங்கறது அங்க மிளகாய்க்கும் பேரு, மிளகாய் போட்ட சட்னிக்கும் பேரு. உள்ள கூட்டிட்டுப் போயி பழத்தக் காட்டுனாங்க. நம்ம கோத்தகிரி ரோட்டுப் பழம்!

யோசிச்சா அதிசயம் ஒண்ணுமில்லீங்க. மரத்தக்காளிக்குச் சொந்த ஊரே ஆண்டிஸ் மலைதான். குவாயாகில் நம்ம மேட்டுப்பாளையம் மாதிரி கீழ, சூட்டுல கெடக்கற ஊரு. பழம் மேல மலைக்காட்டுல வெளைஞ்சு லாரியில எறங்குது. நியூசிலாந்துக்காரங்க இதுக்கு 1967-ல டாமரில்லோன்னு ஒரு வியாபாரப் பேரு வச்சாங்க. கோயமுத்தூர்ல ஏ.சி. போட்ட கடையில அந்தப் பேரச் சீட்டுல ஒட்டி வச்சிருந்தா பயந்துக்க வேண்டாம், இதே பழந்தான். ரோட்டோரத்துலயே வாங்குங்க.

ஆறு பழம் வேணும், நானூறு கிராம் சுமாருக்கு வரும். அமுக்குனா லேசா அமுங்கணும். கல்லாட்டம் இருந்தா தட்டுல பரப்பி ரெண்டு மூணு நாள் விடுங்க, காயா இருந்தா துவர்ப்பு நாக்கப் புடிச்சுக்கும். காம்போட இருக்கறதா பாத்து எடுங்க, ஏன்னு அப்பறம் சொல்றேன். அப்பறம் ஒரு எலுமிச்சம்பழம், சின்ன வெங்காயம் ஏழெட்டு, கொத்துமல்லித் தழை ஒரு கைப்புடி, கல்லுப்பு, கால் டம்ளர் தண்ணி. எண்ணெய் ஒரு சொட்டுக்கூட வேண்டாம்.

மிளகாய் விஷயத்துலதான் கொஞ்சம் நின்னு பேசணும். அங்க போடறது அவங்க ஊர் அஹீ, இல்லாட்டி ரொக்கோட்டோன்னு ஒண்ணு. குட்டித் தக்காளி மாதிரி குண்டா, சதையாட்டம், உள்ள விதை கருப்பா இருக்கும். நம்ம சந்தையில அது கெடைக்காது. வரமிளகாய் போட்டீங்கன்னா வத்தல் வாசம் வந்து பழத்த அமுக்கிரும். நான் செய்யறது என்னன்னா, சந்தையில பச்சை மிளகாய்க் குவியல்ல பழுத்துச் செவந்து போயி, யாரும் எடுக்காம ஒதுக்கி வச்சிருப்பாங்க பாருங்க, அதுல மூணோ நாலோ. பழுத்த பச்சை மிளகாய்னு கேட்டா கடைக்காரரு சிரிப்பாரு, சிரிச்சா சிரிச்சுட்டுப் போறாரு, போச்சாது. பழுத்ததுல ஒரு இனிப்பு இருக்குது, அதுதான் வேணும். பொள்ளாச்சிப் பக்கம் இருக்கறவங்களுக்குப் பாலக்காட்டுக் காந்தாரி கெடைச்சா ஆறு போடுங்க, அதுக்கு மேல வேண்டாம்.

காரம் விதையில இருக்குதுன்னு நெனைச்சு விதையத் தட்டிட்டு அப்படியே போடறாங்க. காரம் இருக்கறது விதை ஒட்டிக்கிட்டிருக்கற அந்த வெள்ளை நரம்புல. கொழந்தைக இருக்கற ஊடுன்னா மிளகாயக் கீறி அந்த நரம்ப வழிச்செடுத்துருங்க. நறுக்கறதுக்கு முன்னாடி கையில தேங்காயெண்ணெய் தடவிக்கங்க, முடிச்சுட்டு சோப்புப் போட்டுக் கழுவுங்க. காரம் தண்ணியில கரையாது, எண்ணெயிலதான் கரையும். வெறும் தண்ணியில கழுவுன கையோட கண்ணக் கசக்கி, கப்பல் அடுப்படியில அரை மணி நேரம் குருடனா உக்காந்திருந்தவன் சொல்றேன்.

இப்ப பழம். காம்பு மேல இருக்கட்டும், கூர்நுனியில கத்தியால கூட்டல் குறி மாதிரி லேசாக் கீறுங்க. கொதிக்கற தண்ணியில ரெண்டு நிமிஷம் போட்டு, எடுத்துப் பச்சைத் தண்ணியில விடுங்க. கீறுன எடத்துல தோல் தானாச் சுருண்டு நிக்கும். காம்பப் புடிச்சுக்கிட்டு ஒவ்வொரு பட்டையா உரிங்க, சட்டை கழட்டுன மாதிரி வந்துரும். இதுக்குத்தான் காம்பு கேட்டேன். துளித் தோல்கூட ஒட்டியிருக்கக் கூடாது, கசப்பு அத்தனையும் அதுலதான். உரிச்சுட்டுக் குறுக்க வெட்டுங்க. சதை ஆரஞ்சா, நடுவுல விதையச் சுத்தி நாகப்பழச் சாறு மாதிரி கருநீலமா ஒரு பசை இருக்கும். வெள்ளை வேட்டியோட இந்த வேலையப் பண்ணாதீங்க. ஒரு ஆடி நோம்பிக்கு ஒறம்பரை வந்த அன்னிக்கு நான் பண்ணுனேன், அந்த வேட்டி இப்ப வண்டி தொடைக்குது.

அம்மி இருந்தா அம்மியில வைங்க. எக்குவடார்லயும் கல்லுல அரைக்கறதுதான் பழைய வழக்கம். மொதல்ல மிளகாயும் உப்பும் நசுங்கட்டும், அப்பறம் பழத்தப் போட்டு ஓட்டுங்க, நீளமா ஓட்ட வேண்டாம். மிக்சின்னா விட்டு விட்டு மூணு நாலு சுத்து, அவ்வளவுதான். விடாம ஓட்டுனா விதை நொறுங்கி ஒரு கசப்பு ஏறிக்குது, கலரும் மங்குது. விதை பல்லுல படறது புடிக்காதவங்க ஓட்டைப் பெரிசா இருக்கற சல்லடையில வடிகட்டுங்க. நான் வடிகட்டறதில்ல. தண்ணியக் கொஞ்சங்கொஞ்சமா ஊத்திக் கலக்குங்க. இட்லிச் சட்னி மாதிரி கெட்டியா நிக்கக் கூடாது, கரண்டியிலிருந்து ஒழுகணும்.

பச்சைப் பழம் வயித்துக்கு ஆகாதுன்னு நெனைக்கறவங்க, உரிச்ச பழத்தையும் மிளகாயையும் அந்தக் கால் டம்ளர் தண்ணியிலேயே அஞ்சு நிமிஷம் கொதிக்க வச்சு, ஆற வச்சு அரைக்கலாம். அங்கயும் ரெண்டு விதமாவும் பண்றாங்க. அலுமினியச் சட்டி மட்டும் வேண்டாம், புளிப்புப் பட்டா அது சும்மா இருக்காது.

வெங்காயத்த அரைக்கக் கூடாது. பொடிப்பொடியா அரிஞ்சு, ஒரு சிட்டிகை உப்புப் போட்டுக் கையால பெசறி, தண்ணியில அலசிப் புழிஞ்சுருங்க, பச்சை நெடி போயிரும். இப்ப எலுமிச்சம்பழத்துல பாதியப் புழிஞ்சு ஊத்தி வைங்க. ஒரு பத்து நிமிஷம் கழிச்சுப் பாத்தா ஊதா நெறமெல்லாம் ஓடிப்போயி ரோசாப்பூ நெறத்துல நிக்கும். சின்ன வெங்காயத்தோட ஊதாவுக்குப் புளிப்புப் பட்டா அப்படித்தான் மாறும். அந்த நெறம் வந்ததும் சாத்தோட சேத்து அரைச்சதுல கொட்டி, மல்லித்தழையப் பொடியா அரிஞ்சு தூவி, உப்புப் பாருங்க. மிச்சப் பாதி எலுமிச்சை தேவைப்பட்டாத்தான். பழம் நெம்பப் புளிச்சா ஒரு சிட்டிகைச் சக்கரை தப்பில்ல. நாட்டுச்சக்கரை வேண்டாம், அதோட வாசம் தனியா எந்திரிச்சு நிக்கும். அரை மணி நேரம் மூடி வச்சுட்டு அப்பறம் வாயில வைங்க.

இப்பத்தான் ஆபத்தான நேரம். மொத மொத ஊட்டுல செஞ்ச அன்னிக்கு, எலை அறுக்கத் தோட்டத்துக்குப் போய்ட்டு வர்றதுக்குள்ள அடுப்படியிலிருந்து சடசடன்னு சத்தம். எங்கூட்டுக்காரி நல்லெண்ணெயில கடுகு, உளுந்து, பெருங்காயம், கருவேப்பிலை எல்லாம் போட்டு என் அஹீ மேல கொட்டிட்டா. "ஏனுங், பச்சையாவேவா திங்கறது?" ங்கறா. அன்னிக்கு வந்த ஒறம்பரை கிண்ணத்த வழிச்சுத் தின்னுட்டுப் போனாங்க, அத மறைக்கறதுக்கில்ல. ஆனா அது தொக்குங்க. நல்ல தொக்கு. மரத்தக்காளிக்குத் தக்காளியும் கொய்யாவும் கலந்தாப்புல ஒரு மெல்லிசான வாசம் உண்டு, அது சூடான எண்ணெயும் பெருங்காயமும் பட்ட அடுத்த நிமிஷமே காணாமப் போயிருது. அப்பறம் அதுக்கு நாட்டுத்தக்காளியே போதுமே, எதுக்குக் கோத்தகிரி ரோடு வரைக்கும் போகணும்?

எதுக்குத் தொட்டுக்கறது? எனக்கு மொத எடம் அரிசிம்பருப்புச் சோறு. நெய்ய ஊத்தி, மேல ஒரு கரண்டி அஹீ. நெய் காரத்தக் கொஞ்சம் புடிச்சு வச்சுக்கும், புளிப்பு நெய்யோட திகட்டல வெட்டிரும். பவானிசாகர் அணைப் பக்கம் பொரிச்சுத் தர்ற ஜிலேபி மீனுக்குச் சொல்லவே வேண்டாம். அவங்க ஊர்ல இதுக்குத் துணை அவிச்ச உருளைக்கிழங்கும், சோச்சோன்னு ஒரு பயறும். அந்தப் பயறுக்குப் பதிலா நான் பச்சை மொச்சைய அவிச்சு வச்சுக்கறேன்.

கடலைக்காய் புடுங்கற பருவத்துல இன்னொன்னு பண்ணுவேன். ரெண்டு கைப்புடி கடலைய வறுத்துத் தோலு ஊதிட்டு மையா அரைச்சு, வெங்காயம் போடறதுக்கு முன்னாடி இந்தச் சாத்துல கரைச்சுருவேன். எக்குவடார்ல கடலை போட்ட அஹீயும் உண்டு. கடலைக்காயும் தென்னமெரிக்காச் சரக்குத்தான், மிளகாயும் அப்படித்தான். மிளகாய் போர்ச்சுகீசியக் கப்பல்ல வந்து எறங்குறதுக்கு முன்னாடி நம்ம அடுப்படியில காரம்னா பெரும்பாலும் மிளகுதான். புதுசா வந்த காய்க்குப் பேருகூட மிளகோட காயச் சேத்து மிளகாய்னு வச்சுட்டோம்.

வச்சிருக்கற விஷயம். வெங்காயமும் தழையும் சேந்துட்டா ஃபிரிட்ஜுல அஞ்சு நாளு, அதுவும் கண்ணாடிப் பாட்டில்ல. பிளாஸ்டிக் டப்பா கறை புடிச்சுக்கும். பாட்டிலச் சுடுதண்ணியில போட்டெடுத்து, ஈரம் காஞ்சதுக்கப்பறம் ஊத்துங்க. ஒரு சித்திரை மாசம் நெறையப் பண்ணி, மூடிய இறுக்கி, மூணு நாள் மேடை மேலயே மறந்துட்டேன். ராத்திரி பட்டாசு வெடிச்ச மாதிரி மூடி பறந்து, செவுரெல்லாம் ஆரஞ்சு. அதிலிருந்து வெங்காயம் போடாத சாத்த மட்டும் ஐஸ் தட்டுல ஊத்தி உறைய வச்சுக்கறேன், ரெண்டு மாசம் நிக்குது.

என் தம்பி மகன் இத பாட்டில்ல அடைச்சு விக்கலாம்னு ஒத்தக்கால்ல நின்னான். உணவுப் பாதுகாப்புத் துறையில பதிவு பண்ணணும்டா, பி.எச். அளவு (புளிப்பு ஏற ஏற இது எறங்கும்) 4.6-க்குக் கீழ நிக்குதான்னு ஒவ்வொரு தடவையும் பாக்கணும்டா, அதுக்கு மேல போனா மூடுன பாட்டிலுக்குள்ள விஷக்கிருமி வளரும்னு சொன்னேன். மரத்தக்காளி இயல்பாவே நல்ல புளிப்பு, அளவு கீழதான் நிக்கும், ஆனா கடலையும் வெங்காயமும் சேத்தா அப்படியே நிக்கும்னு சொல்றதுக்கில்ல. ஊட்டுக்குன்னா இந்தத் தொந்தரவே இல்ல. ஒறம்பரை வந்தா உறைஞ்ச கட்டி நாலு எடுத்துக் கிண்ணத்துல போட்டுட்டு வெங்காயம் அரிய உக்காருங்க. அது ரோசா நெறத்துக்கு வர்றதுக்குள்ள கட்டி கரைஞ்சிருக்கும்.