மேல்நிலை டெஸ்க்டாப் நிரலாக்கத்தைப் புத்தகங்களிலிருந்து கற்பது எப்படி?

பட்டன், மெனு, டயலாக் ஆகியவற்றை வைத்துச் சிறு டெஸ்க்டாப் நிரல் எழுதத் தெரிந்தவர்கள் அடுத்த படியில் கால் வைக்கும்போது திணறுவது வழக்கம். லட்சம் வரிசைகள் கொண்ட அட்டவணையைத் தடையின்றிக் காட்டுவது, பெரிய கோப்பைப் படிக்கும் நேரத்தில் விண்டோ உறைந்துபோகாமல் பார்த்துக்கொள்வது, தயாராகக் கிடைக்காத ஒரு விட்ஜெட்டை, அதாவது பட்டன் போன்ற திரை உறுப்பை, தாமே வரைந்துகொள்வது போன்றவற்றுக்கு இணையத்தில் துண்டு துண்டாகப் பதில்கள் உண்டு. ஆனால் ஏன் அவ்வாறு செய்ய வேண்டும் என்பதை முதலிலிருந்து கோர்வையாகச் சொல்வதில் நல்ல தொழில்நுட்பப் புத்தகத்துக்கு ஈடு இன்னும் வரவில்லை. டெஸ்க்டாப் நிரல்கள் எழுத உதவும், சி++ மொழியில் எழுதப்பட்ட கியூட்டி (Qt) ஃப்ரேம்வொர்க்கை எடுத்துக்காட்டாகக் கொண்டு, அத்தகைய புத்தகத்தை எப்படிப் பயன்படுத்துவது என்று இங்கே விளக்குகிறேன்.

பாயின்டர், விர்ச்சுவல் ஃபங்ஷன், லாம்டா ஆகியவற்றில் தயக்கம் இருந்தால் முதலில் அதைத் தீர்த்துக்கொள்ள வேண்டும். குறிப்பாக, ஒரு ஆப்ஜெக்ட் எப்போது அழிக்கப்படுகிறது என்ற கேள்விக்கு உடனே பதில் சொல்லத் தெரிந்திருக்க வேண்டும். கியூட்டியில் தாய் ஆப்ஜெக்ட் அழியும்போது அதன் குழந்தைகளும் சேர்ந்தே அழிக்கப்படும். மேல்நிலைப் புத்தகங்கள் இதை ஒரு வரியில் கடந்துவிடும்.

அடுத்தது பதிப்பு. கியூட்டியின் 4ஆம் பதிப்பு 2005இலும், 5ஆம் பதிப்பு 2012இலும், 6ஆம் பதிப்பு 2020இலும் வெளிவந்தன. பழைய புத்தகக் கடையிலோ கல்லூரி நூலகத்திலோ கைக்குக் கிடைப்பது 4ஆம் பதிப்புக்கான புத்தகமாக இருந்தால், காலாவதியானது என்று அதை ஒதுக்கத் தேவையில்லை. ஈவென்ட் லூப் (கிளிக் போன்ற நிகழ்வுகளுக்காகக் காத்திருந்து அவற்றை உரிய இடத்துக்கு அனுப்பும் சுழற்சி), மாடல்/வியூ அமைப்பு (தரவை ஒரு கிளாஸும் அதைத் திரையில் காட்டுவதை இன்னொரு கிளாஸும் பார்த்துக்கொள்வது), பெயின்ட் செய்யும் முறை ஆகிய அடித்தளங்கள் அன்றிருந்தபடியே பெரும்பாலும் இன்றும் இருக்கின்றன. மாறியவற்றைத் தாமே மாற்றி எழுதுவதைப் பயிற்சியாகவே கொள்ளலாம். பழைய புத்தகத்தில் சிக்னலையும் (ஒன்று நடந்ததை அறிவிப்பது) ஸ்லாட்டையும் (அந்த அறிவிப்பு வந்ததும் ஓடும் ஃபங்ஷன்) இணைக்கும்போது அவற்றின் பெயர்கள் மேக்ரோ வழியாக வெறும் எழுத்துச் சரமாகத்தான் போகும். பெயரில் பிழை இருந்தாலும் கம்பைலர் ஒன்றும் சொல்லாது. நிரல் ஓடும்போது கன்சோலில் ஓர் எச்சரிக்கை மட்டும் தோன்றும். 5ஆம் பதிப்பிலிருந்து ஃபங்ஷன் பாயின்டரையே கொடுக்கலாம் என்பதால் கம்பைலரே பிழையைப் பிடித்துவிடுகிறது. இரண்டு வகையிலும் வேண்டுமென்றே ஒரு பிழையை வைத்துப் பாருங்கள். சிக்னல் உள்ளுக்குள் எப்படி வேலை செய்கிறது என்று யோசிக்கத் தொடங்குவதற்கு அந்த ஒரு சோதனை போதும்.

படிக்கத் தொடங்கும்போதே சொந்தமாக ஒரு நிரலைத் தேர்ந்தெடுத்து, புத்தகம் முடியும்வரை அதையே வளர்த்துவர வேண்டும். வங்கிக் கணக்கு வரவுசெலவைக் காட்டும் நிரல் நல்ல தேர்வு. வரிசைகள் அதிகம், வடிகட்டல், வரிசைப்படுத்தல், வரைபடம் எல்லாவற்றுக்கும் அதில் இடமுண்டு. ஓர் அத்தியாயத்தை முதலில் கணினி இல்லாமல் முழுவதும் படியுங்கள். பிறகு புத்தகத்தை மூடிவிட்டு அந்த உத்தியை உங்கள் நிரலில் எழுதுங்கள். தடுமாறும் இடத்தில் மட்டும் திரும்பிப் பாருங்கள். எடுத்துக்காட்டு முழுவதையும் வரிவரியாகத் தட்டச்சு செய்யச் சொல்பவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. மெனுவும் டூல்பாரும் ஒவ்வோர் எடுத்துக்காட்டிலும் திரும்பத் திரும்ப வருபவை. அத்தியாயத்தின் கருவாக இருக்கும் கிளாஸை எழுதினால் போதும்.

அதிக நாட்களை மாடல்/வியூ அத்தியாயத்துக்கு ஒதுக்குங்கள். அட்டவணைக்கான மாடலில் வரிசை எத்தனை, நெடுவரிசை எத்தனை, குறிப்பிட்ட கட்டத்தில் என்ன இருக்கிறது என்ற மூன்று கேள்விகளுக்கு மூன்று ஃபங்ஷன்கள் பதில் சொல்கின்றன. மூன்றாவதான டேட்டா ஃபங்ஷனுக்குள் ஒரு டீபக் வரியை வைத்து, லட்சம் வரிசைகளுடன் நிரலை ஓட்டி ஸ்க்ரோல் செய்யுங்கள். கண்ணுக்குத் தெரியும் வரிசைகளைப் பற்றித்தான் வியூ கேட்கிறது என்பதும், ஒரே கட்டத்துக்கு எழுத்து, நிறம், சீரமைப்பு எனத் தனித்தனியாகப் பலமுறை கேட்கிறது என்பதும் கன்சோலில் தெரியும். அந்த ஃபங்ஷனுக்குள் டேட்டாபேஸைத் தொடக்கூடாது என்று புத்தகம் எச்சரிப்பதன் காரணம் அப்போது தானாகவே விளங்கும்.

அதன்பின் ஒரு வரிசையைச் சேர்த்துப் பாருங்கள். சேர்ப்பதற்கு முன்னும் பின்னும் வியூவுக்கு அறிவிக்கும் இரண்டு ஃபங்ஷன்களை வேண்டுமென்றே விட்டுவிட்டால், தரவு வெக்டரில் இருக்கும், திரையில் வராது. மாடலுக்கும் வியூவுக்கும் நடுவில் நின்று வரிசைப்படுத்தும் ப்ராக்ஸி மாடலும் இருந்தால் நிலைமை இன்னும் மோசமாகும். எந்த வரிசை எங்கே இருக்கிறது என்ற தன் கணக்கை அது தனியே வைத்திருப்பதால், வரிசையை நீக்கும்போது நிரலே விழக்கூடும். 5.11இலிருந்து இத்தகைய பிழைகளைக் கண்டறிய மாடல் டெஸ்டர் என்ற கிளாஸ் கியூட்டியிலேயே உள்ளது. பழைய புத்தகங்களில் இது இருக்காது, நீங்களே சேர்த்துக்கொள்ளுங்கள்.

த்ரெட் (ஒரே நிரலுக்குள் இணையாக ஓடும் தனி வேலைத்தொடர்) பற்றிய அத்தியாயத்தில் ஒன்றை மட்டும் உறுதியாகப் பற்றிக்கொண்டால் மற்றவை எளிதாகும்: விட்ஜெட்டுகளை மெயின் த்ரெட் மட்டுமே தொடலாம். விநாடிக்கு 60 முறை புதுப்பிக்கும் திரையில் ஒரு ஃப்ரேமுக்குக் கிடைப்பது ஏறத்தாழ 16.7 மில்லிவிநாடி, அதற்கு மேல் நீளும் வேலையைப் பின்னணிக்கு அனுப்பி, முடிவைச் சிக்னலாகத் திருப்பி வாங்க வேண்டும். த்ரெட் கிளாஸிலிருந்து இன்னொரு கிளாஸை உருவாக்கும் முறையைப் பல பழைய புத்தகங்கள் கற்பிக்கின்றன. அந்த கிளாஸில் எழுதும் ஸ்லாட், சிக்னல் வழியாக அழைக்கப்படும்போது பொதுவாகப் புதிய த்ரெட்டில் ஓடாது. அந்த ஆப்ஜெக்ட் உருவாக்கப்பட்ட த்ரெட்டில்தான் ஓடும். ஸ்லாட்டுக்குள் த்ரெட் அடையாளத்தை அச்சிட்டு இதைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

பெயின்டிங் அத்தியாயத்தில் தமிழ் வாசகர்கள் தனியாகக் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. எழுத்துகளை ஒவ்வொன்றாக எடுத்து வரையும் எடுத்துக்காட்டுகள் ஆங்கிலத்துக்குச் சரியாக வேலை செய்யும். ‘தமிழ்’ என்ற சொல்லுக்குக் கியூட்டியின் ஸ்ட்ரிங் சொல்லும் நீளம் 5. நாம் காண்பதோ மூன்று எழுத்துகள். அதே லூப்பைத் தமிழுக்கு ஓட்டினால் இகரக் குறியும் புள்ளியும் தனித்தனியே பிரிந்து, பெரும்பாலும் புள்ளிவட்டத்துடன் நிற்கும். முழுச் சொல்லையும் ஒரே அழைப்பில் வரையக் கொடுத்தால் எழுத்துகளைச் சேர்க்கும் வேலையைக் கியூட்டியே பார்த்துக்கொள்ளும். கர்சரை நகர்த்த வேண்டியிருந்தால் எழுத்தெல்லையைக் கண்டுபிடிக்கத் தனி கிளாஸ் உண்டு. மேலும், 4ஆம் பதிப்பு நிரலுக்குள் எழுதிய சரங்களை இயல்பாக லத்தீன்-1 என்று எடுத்துக்கொண்டதால் தமிழ் சிதைந்தது. அதற்காகப் பழைய புத்தகங்கள் தரும், எழுத்துக் குறியாக்கத்தைச் சொல்லும் கோடெக் வரிகள் 5ஆம் பதிப்பிலிருந்து தேவையில்லை. இப்போது யுடிஎஃப்-8தான் இயல்பு.

எக்ஸ்எம்எல், நெட்வொர்க், இன்ஸ்டாலர் பற்றிய அத்தியாயங்களைப் பழைய புத்தகத்தில் படிக்க வேண்டாம். அவற்றுக்குக் கியூட்டியுடன் வரும் அதிகாரபூர்வ ஆவணங்களே போதும். மாறாக, ஈவென்ட் கையாளும் அத்தியாயத்தை முடித்ததும் ஒரு பிரேக்பாயின்டை பெயின்ட் ஈவென்ட்டில் வைத்து, டீபக்கரில் கால் ஸ்டாக்கை (எந்த ஃபங்ஷன் எதை அழைத்தது என்ற பட்டியலை) மேலிருந்து கீழ்வரை படியுங்கள். கியூட்டியின் மூல நிரல் திறந்திருக்கிறது. புத்தகம் படமாக வரைந்து காட்டிய ஈவென்ட் லூப், எக்ஸெக் என்ற பெயரில் அந்த ஸ்டாக்கின் அடியில் இருக்கும்.