தனியாக இருப்பவர் வாசலில் ஒரு பால் பை

மனைவி போன பிறகு வீட்டில் நான் மட்டும்தான். காலை ஐந்தரைக்கு எழுந்து, கதவில் தொங்கும் மஞ்சள் பையைப் பால் பாக்கெட்டோடு உள்ளே எடுத்து வந்து காபி போடுவேன். அப்புறம் பேப்பர், குளியல், ஒரு ஆழாக்கு அரிசி. யாரிடமும் பேசாமலே பொழுது போய்விடும் நாட்களும் உண்டு.

போன மழைக்காலத்தில் குளியலறையில் வழுக்கி விழுந்தேன். அடி பெரிதில்லை. ஆனால் உள்ளே தாழ்ப்பாள், போன் கட்டிலில். எழுந்து நிற்க முக்கால் மணி நேரம் ஆயிற்று.

அன்றைக்கே எதிர்வீட்டு அக்காவிடம் சொல்லிவைத்தேன்: "ஏழு மணிக்கு மேலும் பால் பை தொங்கினால் மணி அடிங்க. பதில் இல்லையென்றால் திறந்து வந்துடுங்க." மாற்றுச் சாவி அவரிடம்தான் இருக்கிறது. ஒன்றைக் கவனியுங்கள்: உள்ளே தாழ்ப்பாள் போட்டால் வெளியே சாவி இருந்தும் பயனில்லை. அதனால் இரவில் சாவிப் பூட்டு மட்டும் போடுகிறேன், உள்பக்கம் சாவியைச் செருகி விடாமல். குளியலறைக் கதவைச் சாத்துவதோடு சரி. வெளியூர் போனால் பாலை நிறுத்திவிட்டு அக்காவிடமும் சொல்லிவிடுவேன்.

கதவின் உள்பக்கம் பெரிய எழுத்தில் 108, என் ரத்த வகை, மாத்திரைகளின் பெயர், மகளின் எண் எல்லாம் ஒட்டியிருக்கிறது. அறுபது தாண்டியவர்கள் 14567 என்ற முதியோர் உதவி எண்ணையும் எழுதி வையுங்கள், கட்டணம் கிடையாது.

போன மாதம் ஒருநாள் அசந்து தூங்கிவிட்டேன். ஏழேகாலுக்கு மணி அடித்தது. திறந்தால், வியர்த்த பால் பாக்கெட்டைக் கையில் பிடித்தபடி அக்கா நின்றார்.